பெயர் போடாத இசை

(டிப்ளமோ மூன்றாம் ஆண்டு, மின்னணுவியல் மற்றும் தொடர்பியல் துறை)



இசையமைப்பாளர் என்று சொன்னதும் உங்கள் மனக்கண் முன்னால் யார் வருகிறார்கள்? ஆர்மோனியப் பெட்டியின் முன் உட்கார்ந்திருப்பவர். இல்லையென்றால் ஐம்பது வயலின்காரர்கள் முன்னால் நின்று கையை ஆட்டுகிறவர். எனக்கும் அப்படித்தான் இருந்தது. ஆனால் நம்ம லேபில் மேஜை மேல் தூசி படிந்து கிடக்கிற ஆடியோ ஆசிலேட்டர் இருக்கிறதே, அதை வைத்து இசை செய்தவர் ஒருவர் இருந்தார் என்றால் நம்புவீர்களா? அதுவும் ஒரு பெண்மணி. அதுவும் கம்ப்யூட்டர் இல்லாத 1963-ல்!

அவர் பெயர் டெலியா டெர்பிஷயர். இங்கிலாந்துக்காரர். தொலைக்காட்சிக்கும் வானொலிக்கும் கொஞ்சம் சினிமாவுக்கும் இசை செய்தவர். 2001-ல் காலமாகிவிட்டார். மலர்க் குழுவினர் ஒரு பெரியவரின் வாழ்க்கையைப் பற்றி எழுதித் தரச் சொன்னபோது, எடிசன், மார்கோனி என்று வருடா வருடம் வருகிற பெயர்களை விட்டுவிட்டு இவரை எழுதலாம் என்று முடிவு செய்தேன். காரணம் இருக்கிறது. அவர் வேலை செய்தது மேடையில் இல்லை, பட்டறையில். பிளேடு, ஒட்டுநாடா, ஆசிலேட்டர், கணக்கு, பொறுமை – இவைதான் அவருடைய வாத்தியங்கள். சொல்லப்போனால் அவர் நம்ம ஜாதி, ஒர்க்‌ஷாப் ஜாதி!

தகர வேலைக்காரர் மகள்

1937 மே 5 அன்று கோவென்ட்ரி நகரில் டெலியா பிறந்தார். கோவென்ட்ரி என்றால் நம்ம கோயம்புத்தூர் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். கார் கம்பெனி, விமானக் கம்பெனி, மெஷின் டூல் கம்பெனி என்று எங்கே பார்த்தாலும் தொழிற்சாலை. அவருடைய அப்பா உலோகத் தகடு வேலை செய்கிற தொழிலாளி. நாம் முதலாம் ஆண்டில் ஷீட் மெட்டல் ஷாப்பில் தகரத்தை வெட்டி மடக்கி டிரே செய்தோமே, அந்தத் தொழில்தான். என் அப்பாவும் லாரிப் பட்டறையில் வெல்டர். அதனால் இந்த வரியைப் படித்ததும் எனக்கு டெலியா மேல் ஒரு ஒட்டுதல் வந்துவிட்டது.

டெலியாவுக்கு மூன்று வயது நடக்கும்போது இரண்டாம் உலகப் போர். 1940 நவம்பர் 14 இரவு ஜெர்மன் விமானங்கள் கோவென்ட்ரி மேல் குண்டு மழை பொழிந்தன. ஊரின் பழைய தேவாலயம் சுவர்கள் மட்டும் மிஞ்சி இடிந்தது. நூற்றுக்கணக்கானவர்கள் இறந்தார்கள். அதற்குப் பிறகு டெலியாவை வடக்கே லங்காஷயரில் உள்ள பிரஸ்டன் என்ற ஊருக்கு அழைத்துப் போய்விட்டார்கள். அது பஞ்சாலை ஊர்.

இங்கே ஒரு விஷயம் கவனியுங்கள். குண்டு வீச்சுக்கு முன்னால் அபாயச் சங்கு ஊதும். ஆபத்து நீங்கியதும் வேறு மாதிரி ஒரே சுருதியில் நீட்டி ஊதும். அந்தக் குழந்தையின் காதில் விழுந்த முதல் இசை அதுதான். எங்கிருந்து வருகிறது என்று தெரியாமல் ஏறி இறங்குகிற ஒரு சத்தம். பிரஸ்டனில் இன்னொரு சத்தம். விடியற்காலையில் மில் வேலைக்குப் போகிறவர்கள் கல் பாவிய தெருவில் கட்டைச் செருப்போடு நடக்கிற சத்தம், டக டகவென்று. இந்த இரண்டும்தான் தன் இசையின் வேர் என்று பிற்காலத்தில் அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். சங்கொலியும் செருப்புச் சத்தமும் எல்லார் காதிலும்தான் விழுந்தது. அதை இசையாகக் கேட்டது ஒரு காது!

வீட்டில் புத்தகம் அதிகம் கிடையாது. ரேடியோதான் வாத்தியார். எட்டு வயதில் பெற்றோர் ஒரு பியானோ வாங்கிக் கொடுத்தார்கள். பார்ஸ் ஹில் என்ற பள்ளியில் படித்தார். கணக்கில் புலி. 1956-ல் ஸ்காலர்ஷிப்போடு கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் கிர்ட்டன் கல்லூரியில் கணிதம் படிக்கச் சேர்ந்தார். தொழிலாளி வீட்டுப் பெண் கேம்பிரிட்ஜ் போவது சும்மாவா? அந்தப் பல்கலைக்கழகம் பெண்களுக்கு முழுமையான பட்டம் கொடுக்க ஆரம்பித்ததே 1948-ல்தான். பாடம் படிக்கலாம், பரீட்சை எழுதலாம், ஆனால் ஆண்களுக்கு உள்ள பட்டம் கிடையாது என்பது அதுவரை இருந்த சட்டம். கணக்கில் ஆரம்பித்த டெலியா பிறகு இசைக்கு மாறி, 1959-ல் இரண்டும் சேர்ந்த பட்டத்தோடு வெளியே வந்தார்.

சாத்தின கதவு

கணக்கும் தெரியும், இசையும் தெரியும், சத்தத்தின் மேல் ஆசையும் உண்டு. இப்படிப்பட்டவர் எங்கே வேலைக்குப் போவார்? ஒலிப்பதிவுக் கூடத்துக்குத்தானே! 1959-ல் டெக்கா என்ற பெரிய ரெக்கார்டு கம்பெனியை அணுகினார். அவர்கள் பதில் ஒரே வரிதான்: ஒலிப்பதிவுக் கூடத்தில் நாங்கள் பெண்களை வேலைக்கு எடுப்பதில்லை. மார்க் குறைவு என்று சொல்லவில்லை. அனுபவம் இல்லை என்று சொல்லவில்லை. பெண் என்பதே தகுதிக் குறைவு. அப்படிச் சொல்வது குற்றம் என்று இங்கிலாந்தில் சட்டம் வந்தது 1975-ல்தான்.

இதைப் படித்தபோது நான் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். ஏனென்றால் எங்கள் சீனியர் அக்கா ஒருவர் எல்லா செமஸ்டரிலும் நல்ல மார்க். ஃபீல்டு சர்வீஸ் வேலைக்கு ஒரு கம்பெனியில் கேட்டபோது, சைட்டுக்குப் போகிற வேலை, பெண்கள் சரிப்பட்டு வராது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். அறுபது வருடத்துக்கு மேல் ஆகியும், பல ஆயிரம் மைல் தள்ளியும் அதே பதில்!

டெலியா என்ன செய்தார்? சோர்ந்து உட்காரவில்லை. ஜெனீவாவுக்குப் போய் அங்கிருந்த தூதரக அதிகாரிகளின் பிள்ளைகளுக்குப் பியானோவும் கணக்கும் சொல்லிக் கொடுத்தார். நம்ம துறைக்கு நன்றாகத் தெரிந்த சர்வதேசத் தொலைத்தொடர்பு ஒன்றியத்தில் கொஞ்ச காலம் உதவியாளர் வேலை பார்த்தார். ஊர் திரும்பி ஆரம்பப் பள்ளியில் டீச்சர் வேலை. லண்டனில் ஒரு இசைப் பதிப்பகத்தில் வேலை. கடைசியில் 1960 நவம்பரில் பி.பி.சி.யில் பயிற்சி ஸ்டுடியோ உதவியாளராகச் சேர்ந்தார்.

அங்கே அவருக்கு இசைத்தட்டு விமர்சன நிகழ்ச்சியில் வேலை. விமர்சகர் வந்து, டிராம்போன் வாசிக்கிற இடத்தைப் போடுங்கள் என்பார். டெலியா தட்டை வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்துப் பார்ப்பார். தட்டின் கோடுகள் அடர்த்தியாகவும் மெல்லிசாகவும் இருப்பதைப் பார்த்தே இன்ன இடத்தில் இன்ன வாத்தியம் என்று கண்டுபிடித்து, ஊசியைச் சரியாக அங்கே வைப்பார். பார்க்கிறவர்களுக்கு மாயம் போலத் தெரியும். அலையின் வடிவத்தைக் கண்ணால் படிக்கிற பழக்கம்தான் அது. நாம் சி.ஆர்.ஓ. திரையில் செய்வதை அவர் வெறும் கண்ணால் செய்தார்.

மைடா வேல் பட்டறை

பி.பி.சி.க்கு லண்டன் மைடா வேல் பகுதியில் ஒரு கட்டடம். ஒரு காலத்தில் ஸ்கேட்டிங் விளையாடுகிற இடமாக இருந்தது. அதற்குள் 1958-ல் ரேடியோஃபோனிக் ஒர்க்‌ஷாப் என்று ஒன்றைத் தொடங்கினார்கள். நாடகங்களுக்கு வேண்டிய விசித்திரமான ஒலிகளைச் செய்து தருவது அதன் வேலை. அதைத் தொடங்கியவர்களில் ஒருவர் டாஃப்னி ஓரம் என்ற பெண்மணி. அவர் அடுத்த வருடமே விலகித் தன் சொந்த ஸ்டுடியோ வைக்கப் போய்விட்டார். மற்ற ஊழியர்கள் பலர் அங்கே மாற்றல் கிடைத்தால் முகம் சுளிப்பார்களாம். டெலியாவோ தானாகக் கேட்டு 1962-ல் அங்கே போனார்.

அங்கே என்ன இருந்தது? விலை உயர்ந்த வாத்தியம் எதுவும் இல்லை. மற்ற பிரிவுகள் கழித்துக் கட்டின டேப் ரெக்கார்டர்கள். சர்க்யூட் சோதிக்கிற ஆசிலேட்டர்கள். ஃபில்டர்கள். வெள்ளை இரைச்சல் தரும் ஜெனரேட்டர். பிறகு பாட்டில், கண்ணாடி, கம்பி, தகரம் என்று தட்டினால் சத்தம் வருகிற எல்லாமும். சின்தசைசர் என்ற பொருள் கடைக்கு வராத காலம்.

வேலை செய்கிற விதம் இப்படி. முதலில் ஒரு சத்தத்தை டேப்பில் பதிவு செய்ய வேண்டும். டேப்பை இரண்டு மடங்கு வேகத்தில் ஓட்டினால் சத்தம் ஒரு ஸ்தாயி மேலே போகும். பாதி வேகத்தில் ஓட்டினால் ஒரு ஸ்தாயி கீழே. நடுவில் உள்ள பன்னிரண்டு சுரங்களுக்கும் வேக விகிதம் கணக்குப் போட வேண்டும். ஒரு சுரத்திலிருந்து அடுத்த அரைச் சுரத்துக்குப் போக சுமார் 1.0595 ஆல் பெருக்க வேண்டும். 440 ஹெர்ட்ஸ் என்றால் அடுத்தது 466. பாக்கெட் கால்குலேட்டர் கிடையாது. லாகரிதம் டேபிள்தான் கதி.

சுரம் கிடைத்துவிட்டது. தாளம்? அது டேப்பின் நீளம்! டேப் ஒரு நொடிக்கு 15 அங்குலம் ஓடுகிறது என்றால், அரை நொடி ஒலிக்க வேண்டிய சுரத்துக்கு ஏழரை அங்குலம், கால் நொடிக்கு மூன்றே முக்கால் அங்குலம். ஸ்கேல் வைத்து அளந்து, பென்சிலால் குறித்து, பிளேடால் சாய்வாக வெட்டி, ஒன்றோடு ஒன்றை ஒட்ட வேண்டும். ஒரு சுரத்துக்கு ஒரு துண்டு. ஒரு நிமிடப் பாட்டுக்கு எத்தனை துண்டு என்று நீங்களே கணக்குப் போட்டுப் பாருங்கள். தையல்காரர் துணி வெட்டுவது போல அவர் இசையை வெட்டினார்.

ஒரு பக்கக் காகிதம்

1963-ல் பி.பி.சி. ஒரு புது அறிவியல் தொடர் தயாரித்தது. பெயர் டாக்டர் ஹூ. காலத்தில் முன்னும் பின்னும் பயணம் போகிற ஒருவரின் கதை. தயாரிப்பாளர் வெரிட்டி லாம்பெர்ட் என்ற இளம்பெண். முதல் கதையை இயக்கியவர் லக்னோவில் பிறந்த வாரிஸ் ஹுசேன். டைட்டில் இசைக்கான மெட்டை எழுதியவர் ரான் கிரெய்னர் என்ற ஆஸ்திரேலிய இசையமைப்பாளர். அவர் கொடுத்தது ஒரே ஒரு பக்கக் குறிப்பு. கீழ் சுருதி எப்படிப் போக வேண்டும், மேலே மெட்டு எப்படி வழுக்கிப் போக வேண்டும், இந்த இடத்தில் காற்று மாதிரி, அந்த இடத்தில் மேகம் மாதிரி. அவ்வளவுதான். எழுதிக் கொடுத்துவிட்டு அவர் போய்விட்டார்.

காற்றையும் மேகத்தையும் எந்தக் கடையில் வாங்குவது? டெலியா உட்கார்ந்தார். உதவிக்கு டிக் மில்ஸ் என்ற தொழில்நுட்ப உதவியாளர். அடியில் தொம் தொம்மென்று ஓடுகிறதே, அந்தக் கீழ் சுருதிக்கு ஒரே ஒரு கம்பியை மீட்டிப் பதிவு செய்தார்கள். அந்த ஒரு சத்தத்தையே பல வேகத்தில் ஓட்டி, வேண்டிய சுரம் அத்தனையும் எடுத்து, துண்டு துண்டாக ஒட்டினார்கள். மேலே வழுக்கி ஓடுகிற மெட்டு ஆசிலேட்டரிலிருந்து. திருகுவதற்கு உள்ள குமிழைக் கையால் நிதானமாகத் திருப்பி, அபாயச் சங்கு போல ஏற்றி இறக்கினார்கள். காற்றும் மேகமும் வெள்ளை இரைச்சலை ஃபில்டர் செய்து வந்தன.

கீழ் சுருதி ஒரு டேப்பில், மெட்டு ஒரு டேப்பில், இரைச்சல் ஒரு டேப்பில். எல்லாவற்றையும் ஒன்று சேர்க்க மல்டி டிராக் மெஷின் அந்தப் பட்டறையில் கிடையாது. மெஷின்களில் தனித்தனியாக மாட்டி, ஒரே நொடியில் சேர்ந்து பட்டனை அழுத்த வேண்டும். ஒன்று பிந்தினாலும் திரும்ப முதலிலிருந்து. ஒருமுறை எங்கேயோ ஒரு சுரம் தவறி இசை கூடி வரவில்லை. எந்தத் துண்டில் தவறு என்று தெரியவில்லை. என்ன செய்தார்கள் தெரியுமா? டேப்புகளைச் சுருளிலிருந்து அவிழ்த்து, மைடா வேல் கட்டடத்தின் நீளமான நடைபாதையில் பக்கத்தில் பக்கத்தில் நீட்டிப் போட்டார்கள். ஒட்டு ஒட்டாகப் பார்த்துக்கொண்டே நடந்தார்கள். ஒரு டேப்பின் ஒட்டு மற்றதோடு நேராக நிற்காத இடம்தான் தவறு! பிரெட்போர்டில் லூஸ் கனெக்‌ஷன் தேடுகிற நமக்கு இந்தக் கஷ்டமும் தெரியும், கண்டுபிடித்ததும் வருகிற சந்தோஷமும் தெரியும்.

முடிந்த இசையைக் கேட்ட கிரெய்னர் பிரமித்துப் போனார். இதை நானா எழுதினேன் என்று அவருக்கே சந்தேகம். பெரும்பாலும் நீங்கள் எழுதினதுதான் என்று டெலியா அடக்கமாகச் சொன்னாராம்.

1963 நவம்பர் 23 சனிக்கிழமை மாலை முதல் முறையாக அது ஒலிபரப்பானது. அதற்கு முதல் நாள்தான் அமெரிக்க அதிபர் கென்னடி சுடப்பட்டு இறந்தார். உலகமே அந்தச் செய்தியில் இருந்ததால், அடுத்த வாரம் முதல் பகுதியைத் திரும்பவும் போட்டார்கள். இங்கிலாந்துக் குழந்தைகள் அந்த இசையைக் கேட்டதும் சோபாவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டே டி.வி. பார்த்தார்கள் என்பது அந்நாட்டில் பழமொழி மாதிரி ஆகிவிட்டது. சின்னச் சின்ன மாற்றங்களோடு அந்த இசை 1980 வரை அப்படியே ஓடியது. நடுவில் 1972-ல் புதிதாக வந்த பெரிய சின்தசைசரில் அதைத் திரும்பச் செய்து பார்த்தார்கள். எடுபடவில்லை. பிளேடால் வெட்டி ஒட்டினதே ஜெயித்தது.

பெயர் எங்கே?

இனிமேல்தான் நான் இந்தக் கட்டுரையை எழுதுவதற்கான உண்மையான காரணம் வருகிறது.

நிகழ்ச்சி முடிந்து பெயர்ப் பட்டியல் ஓடும். இசை: ரான் கிரெய்னர், உடன் பி.பி.சி. ரேடியோஃபோனிக் ஒர்க்‌ஷாப். டெலியா பெயர் கிடையாது. பட்டறை ஊழியர்களின் தனிப் பெயரைப் போடுவதில்லை என்பது நிறுவனத்தின் பழக்கம். சம்பளம் வாங்குகிறவர் சம்பளத்துக்கு வேலை செய்தார், அவ்வளவுதான் என்பது கணக்கு.

கிரெய்னர் நல்ல மனிதர். டெலியாவையும் இணை இசையமைப்பாளராகச் சேர்க்க வேண்டும், ராயல்டியில் பங்கு தர வேண்டும் என்று முயன்றார். நிர்வாகம் ஒத்துக்கொள்ளவில்லை. ஆக, நாடே முணுமுணுத்த இசைக்கு அவர் பார்த்தது மாதச் சம்பளம் மட்டுமே.

சிலர் கேட்கலாம், மெட்டு கிரெய்னருடையதுதானே, டெலியா அதை வாசித்தவர்தானே என்று. நானும் யோசித்தேன். நம்ம துறையில் வைத்துப் பார்ப்போம். ஒருவர் பிளாக் டயகிராம் வரைந்து கொடுக்கிறார். இன்னொருவர் ஒவ்வொரு பிளாக்குக்கும் சர்க்யூட் யோசித்து, வேல்யூ கணக்குப் போட்டு, சால்டர் வைத்து, ஓட வைக்கிறார். பொருள் யாருடையது? இரண்டு பேருடையதும்தான். மெட்டு இல்லாமல் அந்த இசை இல்லை. ஆனால் அந்த மெட்டை வேறு யாராவது கிளாரினெட்டில் வாசித்திருந்தால் யாராவது சோபாவுக்குப் பின்னால் ஒளிந்திருப்பார்களா? எழுதியவரே இதை ஒத்துக்கொண்டு பங்கு தர வந்தார். சட்டப் புத்தகம்தான் ஒத்துக்கொள்ளவில்லை.

விளக்கு மூடியும் ஒட்டகமும்

டெலியா என்றாலே அந்த ஒரு இசைதான் என்று நினைத்துவிடக் கூடாது. ஏறக்குறைய 200 வானொலி, தொலைக்காட்சி நிகழ்ச்சிகளுக்கு அவர் ஒலி செய்தார். 1964-ல் பாரி பெர்மேஞ்ச் என்பவரோடு சேர்ந்து, சாதாரண மனிதர்கள் தாங்கள் கண்ட கனவைச் சொல்கிற குரல்களை வெட்டி ஒட்டி, பின்னால் தன் ஒலிகளை ஓடவிட்டு ஒரு வானொலி நிகழ்ச்சி செய்தார்.

எனக்கு மிகவும் பிடித்தது சஹாரா பாலைவனத்தின் துவாரெக் மக்களைப் பற்றிய டி.வி. ஆவணப்படத்துக்கு அவர் செய்தது. ஒட்டகக் கூட்டம் வெயிலில் ஆடி ஆடிப் போகிற காட்சி. அதற்கு இசை வேண்டும். பட்டறையில் பழைய பச்சை நிற விளக்கு மூடி ஒன்று கிடந்தது. தகரம். அதைத் தட்டினால் அழகாக ரீங்காரம் வரும். டெலியா அதைத் தட்டிப் பதிவு செய்தார். தட்டுகிற முதல் சத்தத்தை விட்டுவிட்டு, பின்னால் வருகிற ரீங்காரத்தை மட்டும் எடுத்துக்கொண்டார். அதில் எந்தெந்த அலைவரிசைகள் கலந்திருக்கின்றன என்று பிரித்தார். வலுவான பன்னிரண்டைப் பொறுக்கினார். பட்டறையில் இருந்த பன்னிரண்டு ஆசிலேட்டர்களிலும் அவற்றை வைத்து, அந்த ஒலியைப் புதிதாகக் கட்டினார். ஒட்டகத்தின் குளம்படிக்குத் தன் சொந்தக் குரலை நறுக்கிப் போட்டார்.

எந்தச் சிக்கலான அலையையும் எளிய சைன் அலைகளாகப் பிரிக்கலாம், திரும்பச் சேர்க்கலாம் என்பது ஃபூரியர் கணக்கு. நாம் அதைப் பத்து மார்க் கேள்வியாக மனப்பாடம் செய்கிறோம். அவர் அதை வைத்து ஒட்டகத்தை நடக்க விட்டார். தகடு வேலைக்காரர் மகளுக்குத் தகரத்தில் இசை இருப்பது தெரியாதா என்ன!

பி.பி.சி. வேலை போக மற்ற நேரத்தில் வெளியேயும் உழைத்தார். 1966-ல் பிரையன் ஹாட்ஜ்சன், பீட்டர் ஜினோவியெஃப் ஆகியோருடன் யூனிட் டெல்டா பிளஸ் என்ற குழு தொடங்கினார். 1969-ல் ஹாட்ஜ்சன், டேவிட் வோர்ஹாஸ் ஆகியோருடன் ஒயிட் நாய்ஸ் என்ற பெயரில் ஒரு இசைத்தட்டு வந்தது. வெள்ளை இரைச்சலையே குழுவுக்குப் பெயராக வைத்த தைரியத்தைப் பாருங்கள்! 1973-ல் தி லெஜெண்ட் ஆஃப் ஹெல் ஹவுஸ் என்ற பேய்ப் படத்துக்கு ஹாட்ஜ்சனோடு சேர்ந்து மின்னணு இசை அமைத்தார்.

பட்டறையை விட்டு வெளியே

அதே 1973-ல் டெலியா பி.பி.சி.யை விட்டு விலகினார். கீ போர்டை அழுத்தினால் சத்தம் வருகிற சின்தசைசர்கள் வந்துவிட்டன. வேலை வேகமாக முடிய வேண்டும் என்ற நெருக்கடி. ஒரு சத்தத்துக்கு ஒரு வாரம் செலவழிக்கிறவருக்கு அங்கே இடம் குறுகிக்கொண்டே வந்தது. அவர் சோர்ந்துபோனார். கொஞ்ச காலத்தில் இசைத் தொழிலையே விட்டார். எரிவாயுக் குழாய் பதிக்கிற திட்டத்தில் வயர்லெஸ் ஆபரேட்டராக வேலை பார்த்தார். ஓவியக் காட்சிக்கூடம் ஒன்றில் வேலை பார்த்தார். 1980 முதல் நார்தாம்ப்டன் நகரில் வாழ்ந்தார். மதுப் பழக்கம் அவர் உடம்பைக் கெடுத்தது என்பதும் உண்மை. பெரியவர்கள் வாழ்க்கையை எழுதும்போது நல்லதை மட்டும் எழுதினால் அது பாதி வாழ்க்கைதான்.

1990-களில் இளம் இசைக்கலைஞர்கள் அவரைத் தேடிக்கொண்டு போனார்கள். அவர்கள் கம்ப்யூட்டரில் செய்வதை இவர் முப்பது வருடத்துக்கு முன்னால் பிளேடில் செய்திருந்தார். திரும்பவும் இசையில் ஆர்வம் பிறந்த நேரத்தில், 2001 ஜூலை 3 அன்று, தம் 64-வது வயதில் டெலியா காலமானார். அவர் வேலை செய்த பட்டறையை 1998-லேயே மூடியிருந்தார்கள்.

267 டேப்புகள்

அவர் இறந்த பிறகு வீட்டுப் பரணில் 267 டேப் சுருள்கள் கிடைத்தன. கூடவே கட்டுக் கட்டாகக் காகிதங்கள். மார்க் ஏர்ஸ் என்பவர் அவற்றைப் பத்திரப்படுத்தினார். 2007-ல் மான்செஸ்டர் பல்கலைக்கழகத்துக்குப் போய், டிஜிட்டலாக மாற்றப்பட்டன. அடுத்த வருடம் அதிலிருந்து ஒரு சின்னத் துண்டு வெளியானது. 1960-களில் செய்தது. கேட்டவர்கள் இது இன்றைய நடன இசை மாதிரி அல்லவா இருக்கிறது என்று அசந்துபோனார்கள்.

2013-ல் டாக்டர் ஹூ தொடரின் ஐம்பதாவது ஆண்டு சிறப்புப் படம் வந்தது. அதில் முதல் முறையாகத் திரையில் டெலியா டெர்பிஷயர் என்று பெயர் போட்டார்கள். இசை செய்து ஐம்பது வருடம் கழித்து. அவர் இறந்து பன்னிரண்டு வருடம் கழித்து! பிறகு கோவென்ட்ரியில் ஒரு தெருவுக்கு அவர் பெயர் வைத்தார்கள். 2017-ல் அவர் வளர்ந்த வீட்டில் நினைவுப் பலகை பதித்தார்கள். அதே வருடம் கோவென்ட்ரி பல்கலைக்கழகம் கௌரவ டாக்டர் பட்டம் கொடுத்தது. எல்லாம் நல்லதுதான். வாங்கிக்கொள்ள ஆள்தான் இல்லை.

ஒன்று யோசித்துப் பாருங்கள். அந்த 267 சுருளையும் காகிதங்களையும் அவர் பத்திரமாக வைத்திருக்காவிட்டால் என்ன ஆகியிருக்கும்? யார் எதைச் செய்தார்கள் என்பதற்கு அவர் கைப்பட எழுதின சாட்சி இருந்தது. திரையில் இல்லாத பெயர் பரணில் இருந்தது.

நாம் என்ன செய்யலாம்?

தோழர்களே! எங்கள் வீட்டில் பத்தாம் வகுப்பைத் தாண்டினது நான்தான். நான் என்ன படிக்கிறேன் என்று அம்மாவுக்கு விளக்கிச் சொல்ல இன்னமும் எனக்கு வார்த்தை கிடைக்கவில்லை. மெஷின் ரிப்பேரா என்று கேட்பார், ஆமாம் என்பேன். நம்மில் பலர் இப்படித்தான். நாளைக்கு நாம் போகிற வேலையிலும் நம்ம பெயர் எங்கேயும் வராது. பேனலில் ஒயரிங் செய்தவர் யார், டவரில் ஏறி ஆன்டெனாவைத் திருப்பியவர் யார் என்று யாரும் கேட்பதில்லை. டிப்ளமோக்காரன் வேலை என்றால் அப்படித்தான் என்று நாமே ஒத்துக்கொண்டுவிடுகிறோம்.

டெலியா வாழ்க்கையிலிருந்து நான் எடுத்துக்கொண்டது மூன்று. ஒன்று, லேபில் இருக்கிற ஓட்டை ஆசிலேட்டரைக் குறைவாக நினைக்கக் கூடாது. அதைத் திருப்புகிற கையும் கேட்கிற காதும்தான் முக்கியம். இரண்டு, தோழிகளுக்கு முக்கியமாகச் சொல்கிறேன், ஒரு கதவு சாத்தினால் பக்கத்துக் கதவைத் தட்டுவோம். அதே நேரம் சாத்தினது தவறு என்று உரக்கச் சொல்லவும் சொல்வோம். கதவைச் சட்டம்தான் திறந்தது, அந்தச் சட்டம் பலர் வாய் திறந்ததால்தான் வந்தது. மூன்று, செய்த வேலைக்குக் கணக்கு எழுதி வைப்போம். தேதி போட்டு, கையெழுத்துப் போட்டு. ரெக்கார்டு நோட்டைப் பார்த்துச் சலித்துக்கொள்கிறோமே, அதுதான் நம்ம பரண்.

இந்த வருடம் மூன்றாம் ஆண்டு மாணவர்கள் புராஜெக்ட் ரிப்போர்ட் எழுதப்போகிறோம். முதல் பக்கத்தில் பெயர் போடுகிறபோது, சர்க்யூட் யோசித்தவர், போர்டு செதுக்கியவர், சால்டர் வைத்தவர், விடிய விடிய உட்கார்ந்து தவறு கண்டுபிடித்தவர் என்று ஒவ்வொருவர் செய்ததையும் பிரித்து எழுதுவோம். லேபைப் பூட்டாமல் நமக்காக மாலை ஆறு மணி வரை காத்திருக்கிற லேப் உதவியாளர் அண்ணன் பெயரையும் சேர்ப்போம். ஒரு வரி மை செலவு, அவ்வளவுதான். அந்த ஒரு வரிக்காக டெலியா ஐம்பது வருடம் காத்திருக்க வேண்டியிருந்தது.